சேர்வராயன் மலையிலிருந்து ஒரு கற்பனைக் குவாசர்: நீலியின் மூன்று குணங்கள் ஒன்றோடொன்று ஒத்துப்போகுமா?

சேலம் கோரிமேட்டிலிருந்து, நாவல் எழுதிக்கொண்டிருக்கும் ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். அவருடைய கதை வேறொரு பிரபஞ்சத்தில் நடக்கிறது. அங்கேயும் ஒரு சேர்வராயன் மலை, அதன்மேல் ஒரு வானாய்வுக்கூடம், அதில் இரவு வேலை பார்க்கும் ஒரு பெண். அவள் கவனித்துவரும் குவாசருக்கு (வெகு தொலைவில் விண்மீன் போலப் புள்ளியாகத் தெரியும், மிகப் பிரகாசமான மண்டல நடுவம்) ‘நீலி’ என்று பெயர். நீலிக்கு மூன்று விசித்திர குணங்கள். பிசகாமல் 9 நாளுக்கு ஒருமுறை பளீரென்று ஒளிர்ந்து அடங்கும். மற்றக் குவாசர்களின் ஒளியெல்லாம் சிவப்புப் பக்கம் நகர்ந்திருக்க (அலைநீளம் கூடியிருக்க), நீலியின் ஒளி மட்டும் நீலப் பக்கம் நகர்ந்திருக்கும் (அலைநீளம் குறைந்திருக்கும்). வானில் பக்கத்துப் பக்கத்தில் இரண்டு புள்ளிகளாகத் தெரியும். ஒரு புள்ளியில் நடப்பது ஓராண்டுக்கு மேல் கழித்து மற்றப் புள்ளியில் நடக்கும். “இயற்பியல் படித்தவர்கள் ஏற்பார்களா? எதை மாற்ற வேண்டும்? வெறும் கண்ணுக்குத் தெரிவதாக வைத்துக்கொள்ளலாமா?” என்பது கேள்வி.

தாராளமாக ஏற்பார்கள். மூன்றாவது குணம் நம் பிரபஞ்சத்திலேயே கண்ணால் கண்ட உண்மை. இரண்டாவது, பிரபஞ்சத்தின் வரலாற்றை மாற்றினால் நடக்கும். அது உங்கள் பிரபஞ்சம் என்பதால் உங்களுக்கு அந்த உரிமை இருக்கிறது. இடிப்பது முதல் குணம்தான், அதிலும் ‘பிசகாமல்’ என்ற ஒரே சொல். அதை எடுத்துவிட்டால் மூன்று குணங்களும் ஒன்றையொன்று தாங்கி நிற்கும். அப்படியே விட்டால் முதல் குணம் மூன்றாவதைக் கொன்றுவிடும். நான் சொல்ல வேண்டியதன் சாரம் இதுதான்: கற்பனைக் குவாசரின் குணங்களைத் தனித்தனியாகச் சரிபார்த்துப் பயனில்லை, ஒன்று மற்றொன்றை என்ன செய்கிறது என்று பார்க்க வேண்டும்.

முதலில் உண்மையான குவாசரைப் பற்றிக் கொஞ்சம். ஒரு விண்மீன் மண்டலத்தின் நடுவில் பெரும் கருந்துளை இருக்கிறது. அதை நோக்கி விழும் வாயு நேராக விழாமல் சுழன்று சுழன்று தட்டாகப் பரவுகிறது. உராய்ந்து சூடேறி ஒளிர்கிறது. சூரியனுக்குள் ஹைட்ரஜன் ஹீலியமாகும்போது நிறையில் 0.7 விழுக்காடுதான் ஆற்றலாகிறது. சுழலாத கருந்துளையில் விழும் வாயு ஏறத்தாழ 6 விழுக்காட்டை ஒளியாகக் கொடுத்துவிடும். கருந்துளை மிக வேகமாகச் சுழன்றால் அது 40 விழுக்காட்டைத் தொடும். ஒரு விண்மீன் மண்டலத்தின் அத்தனை விண்மீன்களையும் அதன் நடுப்புள்ளி ஒன்று தோற்கடிப்பது இதனால்தான்.

முதலில் இனங்காணப்பட்ட குவாசர் 3சி 273. 1962-இல் நிலா இதன் குறுக்கே கடந்தபோது ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் ரேடியோ தொலைநோக்கியால் இதன் இடத்தைத் துல்லியமாகக் குறித்தார்கள். 1963-இல் வானியலாளர் மார்ட்டன் ஷ்மிட் இதன் நிறமாலையைப் படித்தார். முதலில் பிடிபடாத கோடுகள், பழகிய ஹைட்ரஜன் கோடுகள்தான் என்று தெரிந்தது, அவற்றின் அலைநீளங்கள் எல்லாமே 15.8 விழுக்காடு நீண்டிருந்தன. கோடுகள் நகர்ந்தாலும் ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் உள்ள விகிதம் மாறவில்லை. அந்த விகிதம்தான் ஷ்மிட்டுக்குக் கிடைத்த சாவி. நீலியின் நீல நகர்வைச் சொல்லும்போதும் இதே சாவி உங்கள் நாயகிக்கு வேண்டியிருக்கும்.

3சி 273 கன்னி ராசியில் இருக்கிறது. சேலத்திலிருந்து பார்த்தால் உச்சத்துக்கு வரும்போது தலைக்கு நேர் மேலிருந்து தெற்கே 10 பாகைதான் சரிந்திருக்கும். மார்ச் கடைசியில் நள்ளிரவுக்கும், மே முதல் வாரத்தில் இரவு 10 மணி வாக்கிலும் உச்சத்துக்கு வரும். பொலிவெண் (கூடக் கூட மங்கல் என்று பொருள்) 13-ஐ ஒட்டியது, 20 செ.மீ. ஆடி உள்ள தொலைநோக்கியும் நல்ல இருட்டும் போதும். முதல்முறை பார்ப்பவர்கள் ஏமாந்துபோவார்கள், ஏனென்றால் சுற்றியிருக்கும் மங்கலான விண்மீன்களுக்கும் அதற்கும் எந்த வித்தியாசமும் தெரியாது. தீப்பொறி, வளையம், பீச்சியடிக்கும் வாயு எதுவும் கண்ணில் படாது. இளநீலம் கலந்த வெள்ளையில் ஒரு புள்ளி, அவ்வளவுதான். ஆனால் அந்த ஒளி கிளம்பி ஏறத்தாழ 200 கோடி ஆண்டுகள் ஆகின்றன. சேர்வராயன் மலையின் சார்னோக்கைட் பாறைகளுக்கு வயது ஏறத்தாழ 250 கோடி ஆண்டுகள். உங்கள் காலடிப் பாறை பாறையாக இறுகிய பிறகு கிளம்பிய ஒளி அது. உங்கள் நாவலில் இந்த ஒப்பீட்டுக்கு ஒரு வரி கொடுங்கள் என்று உரிமையோடு கேட்டுக்கொள்கிறேன்; எல்லா மலைகளிலிருந்தும் எழுதுபவர்களுக்கும் இது இவ்வளவு எளிதில் வாய்க்காது.

இனி நீலிக்கு வருவோம்.

குவாசர்கள் கூடிக் குறையும், ஆனால் தாளமில்லாமல். வாயு சீராக விழுவதில்லை. தட்டில் அங்கங்கே கொந்தளிப்பு. அதனால் வெளிச்ச வரைபடம் கோணல்மாணலாக அலையும். ஒன்றை மட்டும் உறுதியாகச் சொல்லலாம்: ஒரு பொருள் ஒரே நாளில் முழுதாகப் பிரகாசமாகிறது என்றால் அதன் அகலம் ஒளி ஒரு நாளில் போகும் தூரத்தை மீற முடியாது. அது ஏறத்தாழ 2,600 கோடி கி.மீ., அதாவது நெப்டியூன் சுற்றுப்பாதையின் குறுக்களவைப் போல மூன்று மடங்கு. குவாசரின் அளவு இப்படித்தான் முதலில் பிடிபட்டது. ஆகவே நீலி சில மணி நேரத்தில் ஏறி இறங்குவது தவறில்லை. தவறாமல் திரும்பத் திரும்ப வருவதற்குத்தான் காரணம் வேண்டும்.

தட்டில் ஒரு வெப்பப் பொட்டு சுற்றிவருகிறது என்று சிலர் எழுதுவார்கள். அது நிற்காது. தட்டின் உட்பகுதி வேகமாகவும் வெளிப்பகுதி மெதுவாகவும் சுற்றுவதால் பொட்டு சில சுற்றுகளிலேயே இழுபட்டுக் கரைந்துவிடும். நெடுங்காலம் ஓடும் கடிகாரம் வேண்டுமென்றால் இரண்டு கருந்துளைகள் ஒன்றையொன்று சுற்ற வேண்டும். இதற்கு நம் வானில் சான்று சொல்லக்கூடிய பொருள்கள் இருக்கின்றன. கடக ராசியில் உள்ள ஓஜே 287 குவாசர்களுக்கு நெருங்கிய உறவு. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் எடுத்த புகைப்படத் தகடுகளிலிருந்தே அதன் வெளிச்சத்தைத் தொடர முடிகிறது. ஏறத்தாழ 12 ஆண்டுக்கு ஒருமுறை இரட்டையாக வெடித்து ஒளிர்கிறது. சிறிய கருந்துளை ஒன்று பெரியதன் தட்டைத் துளைத்துக்கொண்டு போகிறது என்பது அதற்குச் சொல்லப்படும் விளக்கம்.

நீலிக்கு நான் வேறொரு அமைப்பைச் சொல்வேன். சம நிறையுள்ள இரண்டு கருந்துளைகள். ஒன்று மட்டும் வாயுவை விழுங்கி ஒளிர்கிறது, மற்றொன்று இருட்டு. அவற்றின் சுற்றுப்பாதை நமக்கு விளிம்பு காட்டும்படி இருக்கிறது. ஒளிரும் துளை இருண்ட துளைக்கு நேர் பின்னால் போகும்போது, முன்னால் நிற்பதன் ஈர்ப்பு பின்னாலிருந்து வரும் ஒளியை வளைத்து நம் பக்கம் குவிக்கும். அந்தச் சில மணி நேரம் நீலி பல மடங்கு பிரகாசமாகத் தெரியும். மறைய வேண்டிய நேரத்தில் பொருள் மேலும் ஒளிர்வது கேட்பதற்கு விந்தையாக இருக்கும், ஆனால் ஐன்ஸ்டீனின் சமன்பாடுகள் அப்படித்தான் சொல்கின்றன. சுற்றுக்கு ஒரு மின்னல். உங்களுக்கு வேண்டியது கிடைத்துவிட்டது.

ஆனால் இதோடு ஒரு கடனும் சேர்ந்தே வருகிறது. ஒன்றையொன்று சுற்றும் இரண்டு கருந்துளைகள் ஈர்ப்பலைகளை உமிழ்ந்து ஆற்றலை இழக்கும், நெருங்கும், நெருங்க நெருங்க வேகமாகச் சுற்றும், கடைசியில் ஒன்றாகும். 2015 செப்டம்பர் 14-இல் ஈர்ப்பலைகளை உணரும் லைகோ கருவிகள் இதைத்தான் பதிவு செய்தன. ஏறத்தாழ 36-உம் 29-உமான சூரிய நிறைகள் சேர்ந்து 62 ஆயின. மீதி மூன்று சூரிய நிறை ஈர்ப்பலையாகப் போயிற்று. அதே கணக்கை நீலிக்குப் போட்டுப் பாருங்கள். 9 நாளில் சுற்றும் சம நிறை இணையின் மொத்த நிறை 100 கோடி சூரியன்கள் என்றால் 24 நாளில் கதை முடிந்துவிடும். நாலைந்து மின்னலுக்கு மேல் பார்க்க முடியாது. 10 கோடி என்றால் ஏறத்தாழ மூன்று ஆண்டு. 1 கோடி என்றால் ஏறத்தாழ 140 ஆண்டு. எந்த நிறையை எடுத்தாலும் 9 நாள் 9 நாளாகவே இருக்காது. குறைந்துகொண்டே போகும். ‘பிசகாமல்’ என்ற சொல்லை நான் எடுக்கச் சொன்னதற்கு முதல் காரணம் இது. இரண்டாவது காரணம் இதைவிடப் பலமானது. அதற்கு முன் நிறத்தைப் பார்த்துவிடுவோம்.

நீல நகர்வு. நம் பிரபஞ்சத்தில் பட்டியலிடப்பட்ட லட்சக்கணக்கான குவாசர்கள் அனைத்தும் சிவப்புப் பக்கம் நகர்ந்தவையே; பிரபஞ்சம் விரிய விரிய, வழியில் வரும் ஒளியின் அலைநீளமும் நீள்கிறது. ஆந்திரமேடா மண்டலம் போன்ற அண்டை வீட்டார் சிலர்தான் நம்மை நோக்கி வருகிறார்கள். அதுவும் நொடிக்குச் சில நூறு கி.மீ. வேகத்தில். நீலியின் அலைநீளங்கள் ஐந்தில் நான்காகக் குறுகியிருக்கின்றன என்று வைத்துக்கொண்டால், அது வெறும் ஓட்டத்தால் நேர வேண்டுமானால் ஒளியின் வேகத்தில் 22 விழுக்காட்டில் நம்மை நோக்கிப் பாய வேண்டும். நொடிக்கு 66,000 கி.மீ. ஒரு பெருங்கருந்துளையை அப்படி எறிவதற்கு எந்தக் கையும் இல்லை. ஆகவே ஓட்டத்தை விடுங்கள், பிரபஞ்சத்தையே சுருங்க விடுங்கள்.

சுருங்கும் பிரபஞ்சம் என்று எழுதியதும் பலர் வானம் முழுவதையும் நீலமாக்கிவிடுகிறார்கள். அது சரியல்ல. விரிந்துகொண்டிருந்த பிரபஞ்சம் உச்ச அளவைத் தொட்டுவிட்டுத் திரும்பிச் சுருங்குகிறது என்றால், அருகிலுள்ள மண்டலங்களின் ஒளி திருப்பத்துக்குப் பிறகு கிளம்பியது; அது நீலம் காட்டும். மிகத் தொலைவிலுள்ளவற்றின் ஒளி பிரபஞ்சம் இன்றைவிடச் சிறியதாக இருந்தபோதே கிளம்பியது. அது இன்னமும் சிவப்பே காட்டும். மற்றக் குவாசர்கள் சிவப்பாக இருக்க நீலி மட்டும் நீலமாக இருப்பதற்கு இப்படியொரு இயல்பான காரணம் கிடைக்கிறது: நீலி அருகில் இருப்பது, மற்றவை தூரத்தில் இருப்பவை. குவாசர்கள் பொதுவாக அரிதானவை, தொலைவானவை. ஒன்று மட்டும் திருப்பத்துக்கு இந்தப் பக்கம் விழுந்திருக்கிறது என்று சொன்னால் யாரும் மறுக்க மாட்டார்கள். நம் பிரபஞ்சம் விரியும் வேகத்தை ஒத்த வேகத்தில் உங்கள் பிரபஞ்சம் சுருங்கினால், ஒளி புறப்பட்டு ஏறத்தாழ 300 கோடி ஆண்டு ஆகியிருக்கும். திருப்பம் அதற்கும் வெகு முன்னால் நடந்திருக்க வேண்டும். நீலியைவிட அருகிலுள்ள எல்லா மண்டலங்களும் நீல நகர்வு காட்டியே தீர வேண்டும். அதை மட்டும் மறந்துவிடாதீர்கள்.

நாயகியின் மேசையில் இது எப்படித் தெரியும்? ஹைட்ரஜனின் சிவப்புக் கோடு 656.3 நானோமீட்டர்; நீலியில் அது 525-இல், பச்சையில் நிற்கும். 486.1-இல் இருக்க வேண்டிய கோடு 389-க்கு வந்து ஊதாவின் விளிம்பைத் தாண்டும். 434-இல் உள்ளது 347-க்குப் போய்க் கண்ணுக்கு எட்டாததாகிவிடும். அகச்சிவப்பில் ஒளிந்திருக்கும் 1083 நானோமீட்டர் ஹீலியக் கோடு 866-க்கு இறங்கிவந்து கருவிக்கு வசமாகும். மூன்று கோடுகளின் விகிதத்தையும் அவள் கணக்கிட்டுப் பார்க்கும் அரைப் பக்கத்தை எழுதுங்கள். நீலம் என்ற சொல்லைப் பத்து முறை சொல்வதைவிட, சிவப்பாக இருக்க வேண்டிய கோடு பச்சையில் நிற்பதை ஒருமுறை காட்டுவது மேல்.

நிற நகர்வு நிறத்தோடு நிற்பதில்லை. அலைநீளத்தைக் குறுக்கும் அதே காரணம் காலத்தையும் குறுக்கும். நம் பிரபஞ்சத்தில் இதன் மறுபக்கத்தை அளந்திருக்கிறார்கள்: 2023-இல் ஜெரைன்ட் லூயிஸும் பிரெண்டன் புரூவரும் 190 குவாசர்களின் வெளிச்ச மாற்றங்களை ஆராய்ந்து, பிரபஞ்சத்தின் இளமைக் காலத்து நிகழ்ச்சிகள் நமக்கு ஐந்து மடங்குவரை மெதுவாக ஓடித் தெரிகின்றன என்று காட்டினார்கள். நீலியில் நேர்மாறு. எல்லாம் வேகமாக ஓடுவதாகத் தெரியும். ஏற்காட்டில் 9 நாள் என்றால் நீலி இருக்கும் இடத்தில் பதினொன்றேகால் நாள். மெதுவாகச் சுற்றும் இணைக்கு ஆயுள் கூடுதல். ஆகவே 10 கோடி சூரிய நிறையுள்ள இணைக்கு முன்பு சொன்ன மூன்று ஆண்டு, அங்கே ஐந்தரை ஆண்டாகிறது. அதை நாம் வேகமாக ஓட்டிப் பார்ப்பதால் நமக்கு ஏறத்தாழ நாலரை ஆண்டு. ஒரு குணத்தைத் தொட்டால் அடுத்தது அசைகிறது என்று தொடக்கத்தில் சொன்னது இதைத்தான்.

மூன்றாவது குணம்தான் எனக்கு மிகவும் பிடித்தது. நீலிக்கும் நமக்கும் நடுவே ஒரு கனத்த விண்மீன் மண்டலம் நின்றால் அதன் ஈர்ப்பு ஒளியை இரண்டு வழிகளில் வளைத்து அனுப்பும். சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு இருபது கொண்டை ஊசி வளைவுகள் வழியாகவும் வரலாம், குப்பனூர் வழியாகவும் வரலாம். ஒரே நேரத்தில் புறப்பட்ட இரண்டு வண்டிகள் ஒரே நேரத்தில் வந்து சேர்வதில்லை. ஒளியும் அப்படித்தான். பாதையின் நீளமும் வேறு, கடக்கும் ஈர்ப்பின் ஆழமும் வேறு. 1979-இல் வால்ஷ், கார்ஸ்வெல், வேமன் மூவரும் கண்ட இரட்டைக் குவாசரில் இரண்டு புள்ளிகளும் ஆறு விநாடி கோணம் (ஒரு பாகையில் 3,600-இல் ஒரு பங்கு ஒரு விநாடி) தள்ளி நிற்கின்றன. ஒன்றில் தெரியும் மாற்றம் 417 நாள் கழித்து மற்றதில் அப்படியே திரும்ப வருகிறது. இன்னொரு குவாசரில் இந்தத் தாமதம் ஆறரை ஆண்டுக்கும் மேல்.

இதைவிட நெஞ்சைத் தொடும் உதாரணம் ரெஃப்ஸ்டால் என்று பெயரிட்ட சூப்பர்நோவா, அதாவது வெடித்துச் சிதறிய ஒரு விண்மீன். 2014-இல் அதன் நான்கு படிமங்கள் ஒரே மண்டலத்தைச் சுற்றித் தெரிந்தன. இதே வெடிப்பு இன்னோரிடத்தில் இனிமேல்தான் தெரிய வேண்டும் என்று கணக்குச் சொன்னது. காத்திருந்தார்கள், 2015 டிசம்பரில் சொன்ன இடத்தில் தெரிந்தது. உங்கள் நாயகியும் இந்த உரிமையை எடுத்துக்கொள்ளலாம். ஆனால் எல்லையை மீறக் கூடாது. முந்தும் படிமம் பிந்தும் படிமத்தின் நாளையைத்தான் சொல்லும். சேலத்தின் நாளையையோ, அவள் தம்பியின் தேர்வு முடிவையோ சொல்லாது. நீங்கள் அனுப்பிய கதைச் சுருக்கத்தில் அவள் நீலியைப் பார்த்து மலையடிவார மக்களுக்கு எச்சரிக்கை அனுப்பும் பகுதி இருக்கிறதே, அதை எடுத்துவிடுங்கள். விண்ணில் நடந்த ஒரே நிகழ்ச்சிக்கு இரண்டு தபால்கள் வருகின்றன, அவ்வளவுதான். எது முந்தும் என்பதற்கும் விதி உண்டு: இரண்டு படிமங்கள் மட்டும் இருந்தால், நடுவே நிற்கும் மண்டலத்திலிருந்து விலகித் தெரியும் படிமம் முதலில் வரும், ஒட்டித் தெரிவது பிந்தி வரும்.

இப்போது இரண்டாவது காரணம். நீலி பிசகாமல் 9 நாளுக்கு ஒருமுறை மின்னுகிறது என்றால், இரண்டு புள்ளிகளும் ஒரே மாதிரி மின்னிக்கொண்டிருக்கும். இந்தப் புள்ளியின் எந்த மின்னல் அந்தப் புள்ளியின் எந்த மின்னலுக்கு இணை என்று யாரால் சொல்ல முடியும்? தாமதம் 3 நாளா, 12 நாளா, 417 நாளா? ஒரு மின்னலுக்கும் இன்னொன்றுக்கும் அடையாள வித்தியாசமே இல்லை. ஒரு படிமம் ஓராண்டுக்கு மேல் பிந்துகிறது என்பதை உங்கள் நாயகி கண்டுபிடிக்கவே முடியாது. கதையின் இதயத்தை அதன் முதல் குணமே மூடிவிடுகிறது.

சுற்றுக்காலம் குறையட்டும், எல்லாம் திறந்துகொள்ளும். இணையின் மொத்த நிறை 10 கோடி சூரியன்கள், முந்தும் படிமத்தில் இன்று சுற்றுக்காலம் சரியாக 9 நாள், தாமதம் 417 நாள் என்று எடுத்துக்கொள்ளுங்கள். பிந்தும் படிமம் 417 நாளுக்கு முந்தைய நிலையைக் காட்டுகிறது. அதன் சுற்றுக்காலம் 9.8 நாளாக இருக்கும். பாருங்கள், என்ன அழகான சிக்கல்! நிறமாலை ஒன்றே, கோடுகள் ஒன்றே, ஆனால் ஒரு புள்ளி 9 நாளுக்கு மின்னுகிறது, மற்றொன்று 9.8 நாளுக்கு. இரண்டும் ஒரே பொருள் என்று யாரும் முதலில் ஒப்புக்கொள்ள மாட்டார்கள். இரண்டு தனித்தனிக் குவாசர்கள் என்றே பெரியவர்கள் சாதிப்பார்கள். நாயகி மட்டும் முந்தும் புள்ளியின் பழைய ஏடுகளைப் புரட்டி, 417 நாளுக்கு முன் அதுவும் 9.8 நாளுக்கு ஒருமுறைதான் மின்னியது என்று கண்டுகொள்கிறாள். உங்கள் நாவலின் நடுப்பகுதி இதுவாகத்தான் இருக்க வேண்டும் என்பது என் கருத்து.

பிறகு எண்ணிக்கை தொடங்கும். 9 நாளில் நிற்கும் முந்தும் படிமத்துக்கு ஒன்றாவதற்கு முன் இன்னும் 288 மின்னல்கள் இருக்கின்றன. கடைசி ஓராண்டு தொடங்கும்போது சுற்றுக்காலம் 5 நாளாகிவிடும். கடைசி மாதம் தொடங்கும்போது 2 நாள். (கடைசிச் சில நாட்களுக்கு இந்த எளிய சூத்திரம் போதாது, அங்கே கணினிக் கணக்கு வேண்டும், அந்த நாட்களுக்கு எண் எதுவும் கொடுக்காமல் எழுதுங்கள்.) இணை ஒன்றானதும் மொத்த நிறையில் ஏறத்தாழ 5 விழுக்காடு, அதாவது 50 லட்சம் சூரிய நிறை, ஈர்ப்பலையாகப் போய்விடும். முந்தும் புள்ளியில் மின்னல் நின்றுபோகும். பிந்தும் புள்ளியில் மட்டும் இன்னும் 417 நாளுக்கு மின்னல் தொடரும். முடிவு தெரிந்த ஒன்றை, அது இன்னும் முடியாததுபோல் அவள் நாள்தோறும் பதிவு செய்ய வேண்டியிருக்கும். அந்த 417 நாட்களை அவசரப்பட்டுத் தாண்டிவிடாதீர்கள்.

வெறும் கண்ணுக்குத் தெரியும்படி வைக்கலாமா என்றால், வேண்டாம். 10 கோடி சூரிய நிறையில் பாதியுள்ள ஒரு கருந்துளை, ஒளியின் அழுத்தம் வாயுவை வெளியே தள்ளாத எல்லைக்குள், அதிகமாக ஒன்றரை லட்சம் கோடி சூரியன்கள் அளவுக்கே ஒளிர முடியும். நீலியின் தூரத்தில் அது 3சி 273-ஐப் போலவோ கொஞ்சம் மங்கலாகவோதான் தெரியும். கண்ணுக்கு எட்ட அதைப்போல ஐந்நூறு மடங்குக்கு மேல் ஒளி வேண்டும். நிறையைக் கூட்டினால் இணை சில நாட்களில் ஒன்றாகிவிடும்; அருகில் கொண்டுவந்தால் நீல நகர்வு போய்விடும். தொலைநோக்கி வழியாகவே பார்க்கட்டும்.

கதையில் தொலைநோக்கியை ஏற்காட்டின் லேடீஸ் சீட் பக்கம் வைத்திருக்கிறீர்கள். அங்கிருந்து சேலம் நகரத்து விளக்குகள் மொத்தமும் கீழே விரிந்து கிடக்கும். காட்சிக்கு நல்லது, ஆய்வுக்கு ஆகாது. சேர்வராயன் கோயில் இருக்கும் மேட்டுப் பக்கம் நகர்த்துங்கள். ஏற்காடு ஊரைவிட உயரம், நகரம் தெற்கே தள்ளிப்போகும். நீலியைக் கன்னி ராசியில் வைத்தால் உச்சத்தில் இருக்கும்போது நகர வெளிச்சம் எட்டாது. நம் தமிழகத்தில் இதற்கு முன்மாதிரி இருக்கிறது: ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வுக்கூடம். 1977 மார்ச்சில் யுரேனஸ் ஒரு விண்மீனை மறைத்தபோது அதன் வளையங்களின் தடயம் அங்கேயும் பதிவானது. 1986 முதல் 2.34 மீட்டர் தொலைநோக்கி அங்கே இயங்குகிறது. வானியலாளர் வைணு பாப்புவின் பெயர் அதற்கு.

இரவு வேலையின் நிஜத்தைக் கொஞ்சம் சேர்த்துக்கொள்ளுங்கள். நீலியின் ஒரு மின்னல் ஏறத்தாழ 14 மணி நேரம் நீடிக்கும் என்று கணக்கு வருகிறது. ஓர் இரவுக்குள் அது அடங்காது. ஏற்றத்தை மட்டும் பார்த்திருக்கும்போது விடிந்துவிடும். அல்லது இருட்டும்போதே இறக்கம் பாதி முடிந்திருக்கும். சுற்றுக்காலம் குறைந்துகொண்டே வருவதால், பகலில் விழுந்துகொண்டிருந்த மின்னல் மெல்ல இரவுக்குள் நகரும், இரவில் இருந்தது பகலுக்குப் போகும். சரியாக 9 நாளாகவே இருந்திருந்தால் பகல் மின்னல் என்றைக்கும் பகலிலேயே விழுந்து, அவள் நீலியை வெறும் மங்கல் புள்ளியாகவே எண்ணியிருப்பாள்! விடுபட்ட பாதிக்காகப் பசிபிக் அக்கரையில் ஒருவரோடு அவள் கடிதப் போக்குவரத்து வைத்திருக்க வேண்டும். பள்ளத்தாக்கிலிருந்து மூடுபனி ஏறும் இரவுகளில் ஆடியில் பனி படியும். துடைக்கக் கூடாது, இளஞ்சூடான காற்றை மெதுவாகச் செலுத்தி உலர்த்த வேண்டும். ஏட்டில் அவள் எழுதும் ஒவ்வொரு நேரத்தையும் சூரிய மையத்துக்கு மாற்றிக்கொள்ள வேண்டும், ஏனென்றால் பூமி சுற்றுப்பாதையின் இந்தப் பக்கத்தில் இருக்கிறதா அந்தப் பக்கத்தில் இருக்கிறதா என்பதைப் பொறுத்து ஒளி 8 நிமிடம் முந்தியும் பிந்தியும் வரும்.

முதல் அத்தியாயத்தை எந்த மாதத்தில் வைப்பது என்று கடைசியாகக் கேட்டிருந்தீர்கள். செப்டம்பர் கடைசியில் சூரியன் கன்னி ராசியில் இருக்கும். அதையொட்டிய வாரங்களில் நீலியைப் பார்க்கவே முடியாது. அதற்கு முன்னும் பின்னும் இரண்டு பருவமழைகள். ஜனவரியில் பின்னிரவில் தொடங்கி, மே மாதத்தில் முன்னிரவு மழை குறுக்கிடும்வரைதான் நல்ல காலம். பிப்ரவரியில் தொடங்குங்கள். இரண்டு புள்ளிகளையும் தனித்தனியாக ஏட்டில் பதியச் செய்யுங்கள். காப்பிச் செடிகள் பூக்கும் மார்ச், ஏப்ரலுக்குள் முந்தும் புள்ளியில் நாலைந்து மின்னல்களாவது அவளுக்குக் கிடைத்துவிடும். இரண்டு புள்ளிகளின் சுற்றுக்காலமும் ஒன்றல்ல என்று சந்தேகம் எழுவதற்கு அதுவே போதும்.